மிச்சம் கிடந்த அரை நிமிஷம்

அத்தான் செபம் பண்ணத் தொடங்கினால் சோறு ஆறிப்போகும். செபம் நீளம் எண்டில்லை. ஆமென் சொல்லமாட்டார், அதுதான் பிரச்சினை. இன்னும் ஆரையோ விட்டுட்டன் எண்ட மாதிரிக் கண்ணை மூடிக்கொண்டு அப்பிடியே இருப்பார். நாங்களும் கண்ணை மூடிக்கொண்டு இருப்பம். குழம்பிலை ஆடை படரும். கடைசியிலை அக்காதான் அகப்பையைச் சட்டியிலை தட்டி, தானே ஆமெனைச் சொல்லிப்போட்டுச் சோத்தைப் போடுவா. "பொறும், இன்னும் கொஞ்சம் கிடக்கு" எண்டு அத்தான் கண் திறக்காமலே சொல்லுவார்.

அந்த "இன்னும் கொஞ்சம் கிடக்கு" எங்கடை உடுவில் வீட்டிலை ஒரு ஆள் மாதிரிச் சீவிச்சுது. கலியாணத்தண்டு கோயிலிலை போதகர் எங்கடை அக்காவை ஏற்றுக்கொள்ளுகிறீரோ எண்டு கேட்க, இந்த மனிசன் யோசிச்சார். சனம் திரும்பித் திரும்பிப் பாக்குது. அப்பாவுக்கு வேர்த்து வழியுது. போதகர் இரண்டாந்தரம் கேட்டாப் பிறகுதான் ஓம் எண்டு வாய் திறந்தார். பிறகு கேட்டதுக்கு, சும்மா ஓம் எண்டு சொல்லுற விஷயமோ இது, வடிவா யோசிச்செல்லோ சொல்லவேணும் எண்டு எங்களுக்கு விளக்கம். அக்காவுக்கு அண்டைக்குத் தொடங்கின தலையிடி.

அவருக்கு நில அளவைக் கந்தோரிலை படம் கீறுற வேலை. அங்கை எப்பிடி ஒரு படத்தைக் கீறி முடிச்சுக் குடுத்தாரோ கர்த்தருக்குத்தான் தெரியும். மலாயாவிலை இருந்த தமையனுக்கு அவர் எழுதத் தொடங்கின கடிதங்கள் மேசை லாச்சிக்குள்ளை கிடந்துது. எல்லாம் "இங்கு யாவரும் நலம். மேலும்" எண்ட இடத்திலை நிக்கும். நான் அப்ப மருதனார்மடத்திலை தபால் கந்தோரிலை வேலை. முத்திரையை ஒட்டிக் கையிலை வைச்சுக்கொண்டு, தாங்கோ அத்தான், இண்டைக்கு அனுப்பிவிடுறன் எண்டு பின்னாலையும் முன்னாலையும் திரிவன். மேலும் எண்டதுக்குப் பிறகு என்ன எழுதுறது எண்டு இவர் கண்டுபிடிக்க முன்னம் தமையன் செத்துப்போனார். கடிதத்தை இவர் கிழிக்கவும் இல்லை. லாச்சியிலையே விட்டிட்டார்.

அதுக்குப் பிறகுதான் அந்த விசர்ப் படம். எழுபதுகளின்ரை தொடக்கம் அது, வெளிநாட்டுச் சாமான் ஒண்டும் நாட்டுக்குள்ளை வராத காலம். சனம் துணிக்கும் பாணுக்கும் வரிசையிலை நிக்க, இவர் ஊரை விட்டுப்போன ஒரு பறங்கிக் குடும்பத்திட்டை இருந்து படமெடுக்கிற கமரா ஒண்டும் அதைப் போட்டுக்காட்டுற மிசின் ஒண்டும் கொண்டுவந்து வைச்சார். கப்பலிலை வேலை செய்த சொந்தக்காரர் ஒருத்தர் மூண்டு பிலிம் சுருள் குடுத்தார். மூண்டே மூண்டுதான். ஒரு சுருள் ஒரு பக்கம் இரண்டு நிமிஷம் ஓடும், பிறகு கழட்டித் திருப்பிப்போட்டால் மற்றப் பக்கம் இரண்டு நிமிஷம் ஓடும். எல்லாம் எடுத்து முடிஞ்சாப் பிறகு தபாலிலை வெளிநாட்டுக்கு அனுப்பித்தான் கழுவுவிக்க வேணும். எனக்கு இதெல்லாம் ஏன் தெரியும் எண்டு கேக்கிறியளோ? வெயிலுக்கை அந்தக் கமராவுக்குக் குடை பிடிச்சது நான்தான்.

படத்தின்ரை கதை என்ன எண்டு கேட்டன். கதை இல்லை எண்டார். செத்தாப் பிறகு உயிருகள் அங்காலையும் போகாமல் இஞ்சாலையும் வராமல் நடுவிலை ஒரு இடத்திலை நிக்கினம், அதுதான் படம். நிண்டு என்ன செய்யினம்? ஒண்டும் செய்யேல்லை, நிக்கினம். சத்தமும் இல்லை, பேச்சும் இல்லை. மருதனார்மடச் சந்தியிலை பஸ் நிப்பாட்டாமல் போகேக்கை சனத்தின்ரை முகத்தைப் பாத்துத்தான் தனக்கு இந்த எண்ணம் வந்ததாம். முதல் இரண்டு சுருளும் அந்தச் சந்தியிலை பஸ்ஸுக்கு நிண்ட சனத்தோடை முடிஞ்சுது. என்ரை கந்தோர் வாசலுக்கு நேரை. வேலைக்கு வாற ஆக்கள் எல்லாரும் உங்கடை அத்தானுக்கு என்ன நடந்தது எண்டு என்னைத்தான் கேட்டினம்.

போதகருக்கும் செய்தி எட்டி, வீட்டை வந்தார். நல்ல மனிசன், மெல்லமாத்தான் கதைச்சார். நடுவிலை தங்கிற இடம் எண்டு எங்கடை வேதத்திலை ஒண்டும் இல்லையே தம்பி, சைவச் சனம் செத்த உயிர் முப்பத்தொரு நாள் நிக்கும் எண்டு சொல்லும், நாங்கள் அப்பிடிச் சொல்லலாமோ எண்டார். அத்தான் வடிவாத் தலையாட்டிக் கேட்டுப்போட்டு, "ஓம் ஐயா, அப்பிடி இடம் இருக்கெண்டு நான் சொல்ல வரேல்லை. அங்கை நிக்கிறவையின்ரை முகத்தைத்தான் எடுக்கிறன்" எண்டார். போதகர் தேத்தண்ணியைக் குடிச்சுப்போட்டு, இந்த மனிசனோடை கதைச்சு வேலையில்லை எண்டு என்னைப் பாத்தபடி போனார். நான் என்ன செய்ய?

மூண்டாம் சுருள் மயிலிட்டிக் கரையிலை. காணி அளக்கப் போன பழக்கத்திலை அங்கத்தைக் கடற்றொழில் ஆக்கள் ஏழெட்டுப் பேரைப் பிடிச்சு வெள்ளை வேட்டியோடை கடலுக்கு முதுகைக் காட்டி நிக்க விட்டார். பங்குனி வெயில். இரவிரவாத் தொழிலுக்குப் போட்டு வந்து, மீனை இறக்கிப்போட்டு, படுக்கப்போற மனிசர் அவை. அவையை ஒரு முகிலுக்காக இரண்டு மணித்தியாலம் நிக்க வைச்சார். மேலை வெளிச்சம் கூடிப்போச்சாம். அக்காவுக்குச் சொன்னால் அவ நம்பமாட்டா எண்டு நான் நேரத்தைக் குறிச்சு வைச்சனான்.

அவையிலை ஒருத்தர் முப்பத்தைஞ்சு வயசுக்காரர், அடர்த்தியான மீசை. அவர்தான் அங்கை நிண்ட மற்றவையையும் கோவிக்காமல் வைச்சிருந்தவர். "ஐயா, நாங்கள் செத்தவையோ, சாகப்போறவையோ?" எண்டு கேட்டார். இரண்டும் இல்லை எண்டார் அத்தான். "அப்ப தேத்தண்ணி குடிக்கலாம்" எண்டு அந்த மனிசன் சொல்ல எல்லாரும் சிரிச்சுப்போட்டினம். அவரின்ரை மனிசிதான் கரையிலை இருந்த ஓலை வாடிக்குள்ளை இருந்து தேத்தண்ணி கொண்டுவந்து தந்தவ. எனக்கும் ஒரு பேணி தந்து, எங்கை தங்கச்சி வேலை செய்யிறியள் எண்டு கேட்டவ.

முகில் வந்துது. ஒரு பக்கம் முழுக்க அவையின்ரை முகங்களை எடுத்து, திருப்பிப்போட்டு, மற்றப் பக்கத்திலை அவையின்ரை கால்களையும் மண்ணையும் ஒண்டரை நிமிஷம் எடுக்க முகில் விலகிப்போட்டுது. அரை நிமிஷம் மிச்சம். ஒருக்கா அமத்தினால் முடியிற வேலை. இந்த மனிசன் கமராவை மூடி, "இன்னும் கொஞ்சம் கிடக்கு, பிறகு பாப்பம்" எண்டார். பங்குனி போய், சித்திரை போய், மழைக்காலமும் வந்துது. கமராவுக்குள்ளை ஈரம் பிடிக்குது எண்டு சுருளைக் கழட்டித் தகரப்பேணியிலை போட்டு அலுமாரிக்கு மேலை வைச்சார். அதோடை மறந்தார்.

தை மாதம் ஒருநாள் கந்தோரிலை என்ரை யன்னலுக்கு முன்னாலை அந்த மயிலிட்டி மனிசி நிக்கிறா. பாதியாப் போயிருந்தா. கார்த்திகைப் புயலிலை புருஷன் போன வள்ளம் கவிண்டு போச்சாம். கூடப் போன இரண்டு பேரை வேறை வள்ளம் ஏத்திவிட்டுது. இவர் கிடைக்கேல்லை. உடம்பும் ஒதுங்கேல்லை. இப்ப வீட்டிலை துடக்கு இருக்கோ இல்லையோ, கோயிலுக்குப் போகலாமோ கூடாதோ, தான் பொட்டு வைக்கலாமோ கூடாதோ, ஒண்டும் ஆராலையும் சொல்ல ஏலாமல் கிடக்கு. புருஷன்ரை தம்பிமார் தர்ப்பைப் புல்லிலை ஒரு ஆளைச் செய்து எரிச்சுப்போட்டு முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியைச் செய்வம் எண்டு நிக்கினம். புருஷன்ரை தங்கச்சியின்ரை கலியாணமும் அதாலை தடைப்பட்டு நிக்குது.

"அவை சொல்லுறது பிழையில்லைத் தங்கச்சி" எண்டு சொன்னா. "ஆனால் முகம் பாத்து வாய்க்கரிசி போடாமல் புல்லுக்குக் கொள்ளி வைக்க நான் விடமாட்டன். வீட்டிலை அவரின்ரை ஒரு படமும் இல்லை. அடையாள அட்டையும் அவரின்ரை மடியோடை கடலுக்குள்ளை போட்டுது. உங்கடை ஐயா எடுத்தவரெல்லோ. ஒருக்கா அந்த முகத்தைக் காட்டச் சொல்லுங்கோ."

எனக்குக் கோவம் பத்திக்கொண்டு வந்துது. அந்த மனிசியிலை இல்லை, எங்கடை ஆளிலை. அந்த அரை நிமிஷத்தைப் பங்குனியிலையே எடுத்து அனுப்பியிருந்தால் படம் எப்பவோ கழுவி வந்திருக்கும்.

பின்னேரம் வீட்டை போய் விஷயத்தைச் சொன்னன். அத்தானின்ரை முகம் செத்துப்போச்சு. உடனை அனுப்புவம் எண்டார். தபால் பத்திரம் எல்லாம் நான் நிரப்பிக்கொண்டு மற்ற நாள் கேட்டால், அரை நிமிஷத்தை வெறுமனை அனுப்புறது பாவம், படத்துக்கு முடிவு அதிலைதான் வரவேணும், ஒரு நல்ல வெளிச்சம் வரட்டும் எண்டார். முடிவு என்ன எண்டு கேட்டால் அதைத்தான் யோசிக்கிறாராம். நான் கத்தினன். அக்கா கத்தினா. சுருளைக் களவா எடுத்து அனுப்புவம் எண்டும் பாத்தன். எந்த நேரமும் அந்தப் பேணி மனிசன்ரை மடியிலை.

அந்த மனிசி ஒவ்வொரு கிழமையும் வந்தா. பஸ்ஸிலை வந்து, யன்னலுக்கு முன்னாலை நிண்டு, வந்திட்டுதோ தங்கச்சி எண்டு கேப்பா. நான் இன்னும் இல்லையக்கா எண்டுவன். எங்கடை வீட்டிலைதான் கிடக்கு, இன்னும் அனுப்பவே இல்லை எண்டு சொல்ல எனக்கு வாய் வரேல்லை. இப்பிடி ஐஞ்சு மாதம். அந்த ஐஞ்சு மாதமும் நான் அத்தானோடை முகம் குடுத்துக் கதைக்கேல்லை. சோத்தைக் கூடத் தட்டோடை தள்ளித்தான் விடுவன்.

ஆனியிலை ஒரு சனிக்கிழமை அவ நேரை வீட்டுக்கே வந்திட்டா. வந்து பாத்தால், அத்தான் பின் வளவிலை கமராவோடை நிக்கிறார். அந்த வளவிலை அவர் கட்டத் தொடங்கின ஒரு அறை இருந்தது. கதவு நிலையை மட்டும் நட்டுப்போட்டு, சுவர் எந்தப் பக்கம் போகவேணும் எண்டு யோசிச்சபடி விட்டதாலை, வெறும் நிலை தனிய வாழை மரங்களுக்கு நடுவிலை நிண்டுது. அதுதான் முடிவாம். ஆக்கள் அந்தக் கதவாலை வருவினமாம். அக்கா உடுப்புக் காயப்போட அந்தக் கதவாலை வந்தா. நான் எரிச்சலோடை வந்தன். கோழியும் வந்துது. நிலைக்கு அந்தப் பக்கத்தாலை வந்த மனிசியையும் "வாங்கோ, அப்பிடியே இந்தக் கதவாலை நேரை வாங்கோ" எண்டார். அவ வந்தா. கமராவுக்குக் கிட்ட, முகத்துக்கு நேரை வந்து நிண்டு, இவரை ஒரு பார்வை பாத்தா. அந்தப் பார்வைக்கு நானெண்டால் அந்த இடத்திலேயே குழி தோண்டிப் படுத்திருப்பன். கமரா ஓடி ஓய்ஞ்சுது.

அத்தான் சந்தோஷமாக் கமராவைத் தட்டினார். நான் நினைச்சதிலும் பாக்க நிறையக் கிடந்திருக்கு, அரை நிமிஷமில்லை, இரண்டு நிமிஷம் ஓடியிருக்கு எண்டார். அப்பவும் எங்களிலை ஒருத்தருக்கும் மண்டையிலை தட்டுப்படேல்லை. சுருளைப் பறிச்சுக்கொண்டுபோய்த் திங்கட்கிழமை நானே பதிவுத் தபாலிலை அனுப்பினன்.

ஆவணிக் கடைசியிலை பொதி வந்துது. நான் முதல் அந்த மனிசிக்குத்தான் அறிவிச்சன். அடுத்த சனிக்கிழமை பத்து மணிக்கு அவ தனிய வந்தா. முந்தானைத் தலைப்பிலை ஒரு முடிச்சு. என்ன எண்டு அக்கா கேட்க, அரிசி எண்டு சொன்னா. முகத்தைக் கண்டவுடனை போடக் கொண்டுவந்தவவாம். அக்கா யன்னலுக்கெல்லாம் போர்வை கட்டி அறையை இருட்டாக்கினா. சுவரிலை வெள்ளைத் துணி.

மிசின் கடகடத்துது. கடற்கரை வந்துது. அதுக்கு மேலை எங்கடை வாழைமரங்கள். எனக்கு முதல் விளங்கேல்லை. கடலுக்குள்ளாலை கதவு நிலை தெரியுது, அக்கா உடுப்புக்கூடையோடை ஆக்களின்ரை நெஞ்சுக்குள்ளாலை நடந்து வாறா. அதுக்குப் பிறகுதான் பிடிபட்டுது. இந்த மனிசன் ஏற்கெனவே எடுத்து முடிச்ச பக்கத்தையே திரும்பப் போட்டு அதுக்கு மேலை எடுத்திருக்கிறார். பேணியிலை மாதக்கணக்காக் கிடந்ததிலை எந்தப் பக்கம் எது எண்டு தெரியாமல் போட்டுது. எனக்கு அழுகையும் வந்துது, எழும்பி ஒரு அறை விடலாமோ எண்டும் வந்துது. அத்தானின்ரை வாய் திறந்தபடி.

ஆக்களின்ரை முகங்கள் ஒவ்வொண்டா வந்துது. பிறகு அந்த மீசைக்காரர். துணி முழுக்க அவரின்ரை முகம், கண் வெட்டாமல். நாலைஞ்சு விநாடி. மனிசி எழும்பினா, முடிச்சை அவிட்டா. அதுக்குள்ளை கதவாலை வேறை ஒராள் நடந்து வாறது தெரிஞ்சுது. கிட்டக் கிட்ட வந்து முகம் பெரிசாகி, அந்த முகத்துக்கு மேலையே வந்து நிண்டுது. அவதான். புருஷன்ரை கண்ணுக்குப் பக்கத்திலை இவவின்ரை கண், புருஷன்ரை மீசைக்குள்ளை இவவின்ரை வாய். படம் ஓடி முடிஞ்சு துணி வெள்ளையாச்சு.

அவ கையிலை அரிசியோடை அப்பிடியே நிண்டா.

"இதுக்குப் போட ஏலாது ஐயா" எண்டு சொன்னா. "போட்டால் என்ரை வாயிலையும் எல்லோ விழும். எனக்கு இரண்டு பிள்ளையள் கிடக்கு."

அத்தான் சுருளைத் திரும்பச் சுத்தினார். இன்னொருக்கா ஓட்டினார். முகம் தனிய நிக்கிற நாலைஞ்சு விநாடிக்குள்ளை அவவாலை துணிக்குக் கிட்டப் போய்ச் சேர ஏலேல்லை, போய்ச் சேர அவவின்ரை முகமே வந்திட்டுது. திரும்பவும் சுத்தினார். இந்தமுறை அவவைக் கூட்டிக்கொண்டுபோய்த் துணிக்குப் பக்கத்திலை, ஓரமா நிக்க விட்டார். கையை நீட்டினால் எட்டும், முகம் நிக்கும், ஆனால் கனநேரம் நிக்காது எண்டார்.

என்ன செய்யப் போறார் எண்டு எனக்கு விளங்கிச்சுது. அந்த மிசினை ஓட்டத்திலை நிப்பாட்டினால் லைற்றின்ரை சூட்டிலை பிலிம் எரியும். அதுக்காகவே எங்களை ஒருநாளும் அதிலை கை வைக்க விடாத மனிசன். அந்தப் படத்திலை இனி எடுக்கிறதுக்குப் பிலிமும் இல்லை, அந்த முகத்துக்கு வேறை பிரதியும் இல்லை.

"அத்தான், எரிஞ்சு போகும்" எண்டன்.

"தெரியும் பிள்ளை" எண்டார்.

முகங்கள் வந்துது. மீசைக்காரர் வந்தார். அத்தான் விசையை அமத்தினார். கடகடப்பு நிண்டுது. முகம் அசையாமல் நிண்டுது, கதவு நிலையும் வெறுமையா. அவ கிட்டப் போய், மூண்டு தரம், துணியிலை அந்த வாய் இருந்த இடத்திலை அரிசியை வைச்சா. அரிசி துணியிலை பட்டு நிலத்திலை கொட்டுண்டுது. மூண்டாந்தரம் கை எடுக்கேக்கை நாடிக்குக் கீழை ஒரு மண்ணிறப் புள்ளி வந்துது. அது பெருத்து, கொதிச்சு, வாய்க்கு ஏறி, மூக்குக்கு ஏறி, கண்ணுக்கும் ஏறிச்சு. எரிஞ்ச மணம் அறை முழுக்க. அவ பின்னுக்குப் போகேல்லை, கண்ணை மூடவும் இல்லை. முழு முகமும் எரிஞ்சு முடிஞ்சு வெறும் வெளிச்சம் வரும்வரைக்கும் பாத்துக்கொண்டு நிண்டா. அத்தானும் விசையிலை வைச்ச கையை எடுக்கேல்லை.

அக்கா போர்வையளை அவிட்டா. மனிசி கிணத்தடியிலை கை கால் கழுவிக்கொண்டு வந்து, தண்ணி வாங்கிக் குடிச்சா. அழேல்லை. நாங்கள்தான் அழுதுகொண்டிருந்தம்.

"தம்பியாக்களுக்குச் சொல்லுறன்" எண்டு சொன்னா. "முப்பத்தொண்டை இண்டையிலை இருந்து எண்ணச் சொல்லி."

வருஷா வருஷம் செய்யிற திவசத்துக்குத் திதி வேணும். வேதக்கார வீட்டிலை பஞ்சாங்கம் ஏது. அத்தான் செருப்பும் போடாமல் பக்கத்து வளவுக்கு ஓடிப்போய் அவையின்ரை பஞ்சாங்கத்தை வாங்கிக்கொண்டு வந்தார். அண்டையத் திகதி, கிழமை, மாதம், திதி எல்லாத்தையும் படம் கீறுற அந்த வடிவான எழுத்திலை ஒரு துண்டிலை எழுதி, கீழை ஒரு கோடும் கீறி, அவவின்ரை கையிலை குடுத்தார்.